இருமல் மிட்டாய்

டீச்சர்: உக்காரு முதல்ல. போறவங்க வர்றவங்க எல்லாம் உன்னையே பார்க்கறாங்க.

சர்வேயர்: என் உயரத்துக்கு உக்காந்தாலும் பார்ப்பாங்க.

டீச்சர்: அதனாலதானே அன்னிக்கே நெட்டைன்னு பேர் வச்சோம்... ஏய், இங்க இல்ல. எதிர் பெஞ்சுல.

சர்வேயர்: இப்பவுமா எதிர் பெஞ்சு?

டீச்சர்: லேடீஸ் ஹாஸ்டல் விசிட்டர் ரூம். ஆம்பளைங்க அந்தப் பக்கம், பொண்ணுங்க இந்தப் பக்கம்.

சர்வேயர்: லேடீஸ் ஹாஸ்டலா இருந்துச்சு. இப்ப எல்லாருக்கும் ஒண்ணுதான். வரும்போது பார்த்தல்ல? ஒரு பையன் பக்கெட்டைத் தூக்கிட்டு மாடி ஏறினான். பின்னாடியே ஒரு பொண்ணு ஓடி வந்து அவளோட துணியையும் அதுல போட்டுட்டுப் போறா.

டீச்சர்: பார்த்தேன், பார்த்தேன். கண்ணுக்கு நல்லா இருந்துச்சு.

சர்வேயர்: உனக்கு நான் துவைச்சுப் போட்டா மட்டும், நீலம் வெளுத்துப் போச்சு, பட்டன் அறுந்து போச்சு...

டீச்சர்: அறுந்துதான் போச்சு. மெதுவாப் பேசு, என் பொண்ணு எந்த நேரமும் வருவா.

சர்வேயர்: வரட்டும். அவ ஹாஸ்டல், அவதான் வார்டன். இந்த ரூமை நாளைக்கு உடைச்சு வாஷிங் மெஷின் வைக்கப் போறாங்க, கடைசியா ஒரு தடவை பார்த்துட்டுப் போன்னு உன்னைக் கூப்பிட்டது அவதானே.

டீச்சர்: என்னைத்தான் கூப்பிட்டா. உன்னை இல்ல.

சர்வேயர்: அது சரி... தரையைப் பாரு. கோடு இன்னும் இருக்கு!

டீச்சர்: என்ன கோடு?

சர்வேயர்: பெஞ்சு நகர்ந்த கோடு. ஒவ்வொரு தடவை வரும்போதும் காலால நாலு விரக்கடை தள்ளுவேன். லீவு விடறதுக்குள்ள முட்டியும் முட்டியும் இடிக்கற தூரத்துக்குக் கொண்டு வந்துடுவேன். லீவு முடிஞ்சு வந்தா பெஞ்சு பழைய இடத்துக்குப் போயிருக்கும். மறுபடியும் முதல்லேர்ந்து. சர்வே வேலையே நான் இங்கதான் கத்துக்கிட்டேன்.

டீச்சர்: அந்த முட்டி இடிச்சதுக்கு எனக்குக் காய்ச்சலே வந்துச்சு தெரியுமா? நெசம்மா. அதுக்கு மேல எதையும் நினைச்சுப் பார்க்கக்கூடத் தெரியாது. என்ன நினைக்கணும்னே தெரியாதே!

சர்வேயர்: எனக்கு மட்டும் தெரிஞ்சுதாக்கும்... சுவத்துல என்ன ஒட்டியிருக்கு? 'கருத்தடை ஆலோசனை. வியாழக்கிழமை. பெயர் சொல்லத் தேவை...'

டீச்சர்: மெதுவா!

சர்வேயர்: சுவத்துல ஒட்டினதை எதுக்கு மெதுவாப் படிக்கணும்?

டீச்சர்: எங்களுக்கும் ஒரு லேடி டாக்டர் வருவாங்க, வருஷத்துக்கு ஒரு தடவை. கதவைச் சாத்தி, ஜன்னலையும் சாத்தி, போர்டுல ஒரு பூ வரைவாங்க.

சர்வேயர்: பூவா?

டீச்சர்: பூதான். 'இது மகரந்தம். இது சூலகம். காத்தடிச்சா ஒண்ணா சேர்ந்துடும். பொண்ணுங்க ஜாக்கிரதையா இருக்கணும்.' பாடம் முடிஞ்சுது.

சர்வேயர்: காத்துகிட்ட ஜாக்கிரதையா! அதான் நீங்க எல்லாம் தாவணியை இழுத்து இழுத்து மூடுனீங்களா...

டீச்சர்: நான் பாட்டனி. வாய் சும்மா இருக்குமா? எழுந்து நின்னு, 'டாக்டர், நீங்க வரைஞ்ச பூவுக்குக் காத்தே வேணாம், எல்லாம் அதுக்குள்ளயே முடிஞ்சுடும்'னேன். ஒரு வாரம் வெளிய விடல.

சர்வேயர்: ஓ, அந்த வாரமா! வந்து வந்து திரும்பிப் போனேனே.

டீச்சர்: சிரிக்காதே. சிரிக்கற விஷயம் இல்ல அது. உன் 'தங்கச்சி' இருந்தாளே...

சர்வேயர்: உன் ரூம்மேட். என் கூடப் பிறக்காத தங்கச்சி. அண்ணன் தம்பியைத் தவிர ஒருத்தனையும் உள்ள விட மாட்டாங்க. அவளுக்கு அண்ணனே கிடையாது. அந்த வேலை காலியா இருந்துச்சு, நான் சேர்ந்துட்டேன்.

டீச்சர்: அவ கல்யாணம் ஆகிப் பரீட்சை எழுத மட்டும் திரும்பி வந்தா. என் கட்டில்ல வந்து படுத்துக்கிட்டு ஒரே அழுகை. 'பி.எஸ்ஸி. படிச்சேனே, எனக்கு ஒரு வார்த்தை யாராவது சொல்லியிருக்கலாமே'ன்னு. நான் என்ன சொல்வேன்? எனக்கும் அந்தப் பூதான் தெரியும். இந்த நோட்டீஸைப் பார்த்ததும் அவ நெனப்புதான் வருது.

சர்வேயர்: ம்... நல்ல பொண்ணு. என் பேர் சொல்லி ஒரு நாள்கூட என்னைக் கூப்பிட்டதில்ல. அண்ணே, அண்ணேன்னு கடைசி வரைக்கும்...

டீச்சர்: அவ சாவு வீட்லதானே நாம மறுபடியும் பார்த்தோம்.

சர்வேயர்: அங்கயும் எனக்கு அண்ணன் மரியாதைதான். முதல் வரிசையில நாற்காலி போட்டாங்க.

டீச்சர்: நம்ம பழைய வார்டன் இருமலம்மா இருந்திருந்தா இந்த நேரத்துக்கு இருமியிருப்பாங்க.

சர்வேயர்: ஐயோ, இருமலம்மா! மறந்தே போனேன். அந்தக் கோடி வராந்தாவுல ஆரம்பிப்பாங்களே. லொக்கு... லொக்கு... ஒவ்வொரு அடிக்கும் ஒரு இருமல். கதவுகிட்ட வந்து சேர்றதுக்குள்ள எல்லாப் பொண்ணும் கையை எடுத்து அவங்கவங்க மடியில வச்சுக்கிட்டு, சாமி படம் கணக்கா உக்காந்திருப்பீங்க.

டீச்சர்: பாவம், ரொம்பச் சளி. வார்டன் வேலை பார்க்கற உடம்பே இல்ல அது.

சர்வேயர்: மனசு கேக்காம ஒரு தடவை இருமல் மிட்டாய் ஒரு பாக்கெட் வாங்கிட்டு வந்து கொடுத்தேனே, ஞாபகம் இருக்கா?

டீச்சர்: இல்லாம? அதைக் கையில வாங்கிட்டுச் சிரிச்சாங்க பாரு... அப்படிச் சிரிச்சு நாங்க யாரும் பார்த்ததே இல்ல. புரையேறிப் போச்சு அந்தம்மாவுக்கு.

சர்வேயர்: அன்னியிலேர்ந்து எனக்கு மட்டும் மணி அடிச்சதுக்கப்புறமும் கொஞ்ச நேரம் விட்டாங்க. மிட்டாய்க்கு நன்றின்னு நினைச்சேன்.

டீச்சர்: நல்லவங்க.

சர்வேயர்: நல்லவங்கதான்... ஒண்ணு கேக்கட்டுமா?

டீச்சர்: கேக்காதே. தெரியும்.

சர்வேயர்: இதே பெஞ்சு. அங்க உங்கப்பா உக்காந்திருக்கார். இங்க நான். மாப்பிள்ளை பார்த்தாச்சு, கிளம்புன்னு சொல்லிட்டு என் பக்கம் திரும்பி, 'இது யாரு'ன்னு கேட்டார்.

டீச்சர்: வேணாம் நெட்டை...

சர்வேயர்: நீ என்ன சொன்னே?

டீச்சர்: தோழியோட அண்ணன்னு சொன்னேன். அதுக்கு நான் அழாத அழுகையா? வேற என்ன சொல்லியிருக்க முடியும் அப்போ? பஸ்ல ஒரு பையன் பக்கத்துல உக்காந்தான்னு ஒருத்தியைப் படிப்பையே நிறுத்திக் கூட்டிட்டுப் போன வருஷம் அது.

சர்வேயர்: அப்போ முடியாது. ஒத்துக்கறேன். அதை நான் என்னிக்காவது குத்திக் காட்டியிருக்கேனா? இப்போ கேக்கறேன். உன் பொண்ணு வந்து அதே கேள்வியைக் கேட்பா. என்ன சொல்லப் போற?

டீச்சர்: அவளுக்குக் குவார்ட்டர்ஸ் கொடுத்திருக்காங்களாம். 'தனியா எதுக்கும்மா கஷ்டப்படறே, வீட்டைக் காலி பண்ணிட்டு என்கூட வந்துடு'ங்கறா. இன்னிக்குப் பதில் சொல்லணும்.

சர்வேயர்: தனியா...

டீச்சர்: அவளுக்கு அப்படித்தானே தெரியும்!

சர்வேயர்: எப்படித் தெரியும்? அவ போன் வந்ததும் நான் பையைத் தூக்கிட்டுப் பார்க்குக்குப் போயிடறேன். என் டம்ளரைக் கழுவிக் கவுத்து, செருப்பை எடுத்து ஒளிச்சு... இந்த வயசுல திருட்டுப் பூனை மாதிரி. ஏதோ, அவ போன் பண்ணிட்டு வர்ற பொண்ணா இருக்கறதால பொழைச்சோம்.

டீச்சர்: நல்லா வளர்த்திருக்கேன். சொல்லாம யார் வீட்டுக்கும் போக மாட்டா.

சர்வேயர்: எனக்குப் பார்க் பெஞ்சு அலுத்துப் போச்சும்மா. இன்னொரு தடவை தோழியோட அண்ணன்னு சொன்னேன்னா... நான் கோபப்பட மாட்டேன். ஆனா அப்படியே என் அக்கா மகன் வீட்டுக்குப் போயிடுவேன். ஒரேயடியா.

டீச்சர்: மிரட்டறியா?

சர்வேயர்: இல்ல. முடியல.

டீச்சர்: இரு, இரு... யாரோ இருமற சத்தம். அவதான் வர்றா. இந்த ரூமோட ஈரக் காத்து வார்டன் யாருக்கும் ஒத்துக்காது போல. கையை எடு, பெஞ்சைப் பின்னால தள்ளு. நீ இன்னும் மிட்டாய் வச்சிருக்கியா?

சர்வேயர்: இருக்கு, இருக்கு.

வார்டன்: சாரிம்மா, ரொம்ப நேரம் உக்கார வச்சுட்டேனா? ஒரு பொண்ணு வந்து ஒரே புலம்பல். அவளும் ஒரு பையனும் வெளிய ஒண்ணா வீடு எடுக்கறாங்களாம். கல்யாணம் பத்தி இன்னும் யோசிக்கலையாம். அதுல பிரச்சினை இல்லையாம். அம்மாகிட்ட எப்படிச் சொல்றதுன்னு தெரியலையாம்.

டீச்சர்: நீ என்ன சொன்னே?

வார்டன்: என்ன சொல்றது? எங்க காலத்துல கல்யாணம் பண்ணிக்கறேன்னு சத்தியம் பண்ணாத்தான் கையைப் பிடிக்கவே விடுவோம். உன் மாப்பிள்ளைகிட்ட நான் வாங்கினேனே சத்தியம்! இதுங்க கையைப் பிடிக்கறதுக்கும் கல்யாணத்துக்கும் சம்பந்தமே இல்லைங்குதுங்க. ஆனா அம்மாகிட்ட பயம் மட்டும் அப்படியே இருக்கு. அது மாறவே இல்ல.

சர்வேயர்: தொண்டை ரொம்பக் கட்டியிருக்கு போலிருக்கேம்மா. இந்தா, ஒரு மிட்டாய் போட்டுக்கோ.

வார்டன்: மிட்டாயா?

சர்வேயர்: இருமலுக்கு. வராந்தாவுல இருமிட்டே வந்தியே.

வார்டன்: இருமலுக்கு... ஐயோ... ஐயோ அம்மா...

டீச்சர்: என்னடி, எதுக்கு இப்படிச் சிரிக்கறே? புரையேறுது பாரு. தண்ணி குடி.

வார்டன்: ஒண்ணுமில்லம்மா... ஒண்ணுமில்ல. ரொம்ப தேங்க்ஸ் சார். அம்மா, சார் யாருன்னு நீ சொல்லவே இல்லையே?

டீச்சர்: இவங்களா... இவங்க வந்து... என் தோழியோட அண்ணன்.

வார்டன்: ஓ.

சர்வேயர்: ஆமாம்மா. தோழியோட அண்ணன். சும்மா இந்த இடத்தைப் பார்க்கலாம்னு வந்தேன். பார்த்தாச்சு. நான் வரட்டுமா?

வார்டன்: காப்பி குடிச்சுட்டுப் போகலாமே சார்.

சர்வேயர்: இல்லம்மா, பஸ்ஸைப் பிடிக்கணும். அக்கா மகன் வீடு தூரம்... டீச்சர், உடம்பைப் பார்த்துக்கோங்க. பால் குக்கரைச் சிம்ல வைங்க, மறந்துடாதீங்க.

டீச்சர்: உக்காரு.

சர்வேயர்: நேரமாச்சு...

டீச்சர்: உக்காருன்னு சொல்றேன்ல நெட்டை! அங்க இல்ல. இங்க. என் பக்கத்துல.

வார்டன்: அம்மா...

டீச்சர்: நீ குறுக்கே பேசாதே. பேசினா எனக்குத் தைரியம் போயிடும். இவர் யாருக்கும் அண்ணன் இல்ல. அப்பவும் இல்ல, இப்பவும் இல்ல. உங்கப்பா தங்கமான மனுஷர், அவருக்கு நான் ஒரு குறையும் வைக்கல, அது உனக்கே தெரியும். அவர் போன பிறகு வீடு எனக்கு வீடாவே இல்ல. ரெண்டு வருஷமா இவர் என்கூடத்தான் இருக்கார். நான் உன் குவார்ட்டர்ஸுக்கு வரல.

வார்டன்: கல்யாணம்...?

டீச்சர்: பண்ணிக்கல. இந்த வயசுல மாலையும் கழுத்துமா நிக்க வெக்கமா இருந்துச்சு. கல்யாணம் இல்லாம இருக்க வெக்கமா இல்ல. ஏன்னு கேக்காதே, எனக்கே தெரியல. உன்கிட்ட சொல்லத்தான் பயமா இருந்துச்சு... ஏண்டி அழறே? திட்டிடு. வாயைத் திறந்து திட்டிடு.

வார்டன்: எனக்குக் குவார்ட்டர்ஸே இன்னும் கொடுக்கலம்மா.

டீச்சர்: என்னது?

வார்டன்: இப்படிக் கேட்டாலாவது நீ வாயைத் திறப்பியான்னு பார்த்தேன். ஒரு ஹாஸ்டல் பிள்ளைங்க சொல்ற பொய்யெல்லாம் தினமும் கேட்டுட்டு இருக்கேன். என்கிட்டயா தோழியோட அண்ணன்?

சர்வேயர்: அப்போ... உனக்குத் தெரியுமாம்மா?

வார்டன்: உங்க இருமலம்மாவைப் பத்தி அம்மா நிறையச் சொல்லியிருக்காங்க. நெட்டை சார், அந்தம்மாவுக்குச் சளி இருந்துச்சுன்னா இன்னும் நினைக்கறீங்க?

சர்வேயர்: பின்ன? அந்த இருமு இருமினாங்களே?

வார்டன்: எனக்கும் சளி இல்ல சார். இந்த வேலைக்குச் சேர்ந்த அன்னிக்கே, முன்னாடி இருந்த வார்டன் எனக்குச் சொல்லிக் கொடுத்தது ஒண்ணே ஒண்ணுதான். அவங்களுக்கு அதுக்கும் முன்னாடி இருந்தவங்க சொன்னதாம். 'எந்தக் கதவையும் திறக்கறதுக்கு முன்னாடி நல்லா இருமு. உள்ள இருக்கறவங்களுக்குக் கொஞ்சம் நேரம் கொடு.'

டீச்சர்: அடிப்பாவி... அப்போ பெஞ்சு நகர்ந்தது?

வார்டன்: தெரியாமலா லீவுல திருப்பிப் போட்டாங்க?

சர்வேயர்: நான் போய் அவங்களுக்கு மிட்டாய் வாங்கிக் கொடுத்திருக்கேனே...

டீச்சர்: அது இருக்கட்டும். உனக்கு எப்போ தெரியும்? எப்படித் தெரியும்?

வார்டன்: ஒரே ஒரு தடவை சொல்லாம வந்தேன்மா. கதவுல கை வைக்கறேன், உள்ள நீ சிரிக்கற சத்தம். பட்டன் அறுந்ததுக்கு யாரையோ திட்டிக்கிட்டே சிரிக்கறே. அப்பா போனப்புறம் நீ சிரிச்சு நான் கேட்டதே இல்ல. அப்படியே திரும்பித் தெருமுனைக்குப் போயிட்டேன். அங்க நின்னு உனக்கு இருமினா கேக்காதே... அதான் போன் பண்ணேன்.