ஒரு விரல் அகலம்

செல்போனை எதற்காக இவ்வளவு நீளமாகச் செய்கிறார்கள் என்று எனக்கு இன்றுவரை விளங்கவில்லை, மாப்பிள்ளை. மனிதன் கை நீளவில்லை, சட்டைப்பை நீளவில்லை; போன் மட்டும் கல்லைக் கட்டிவிட்ட புடலங்காய் மாதிரி இறங்கிக்கொண்டே போகிறது. எங்கள் தெருத் தையல்காரர் தன் போனுக்காகச் சட்டைப்பையை இடுப்புவரை இறக்கித் தைத்துக்கொண்டார். அப்புறம் அதே பையில் மதியச் சாப்பாட்டையும் குடையையும் போட்டுக்கொண்டு, கையை வீசியபடி வெளியூர் போய்வந்தார். நான் கண்ணால் பார்த்தது.

உட்காருங்கள். அந்த நாற்காலி வேண்டாம், அது உங்கள் மாமனாருடையது. அவர் முடிவெட்டப் போயிருக்கிறார். தலையில் இருப்பது நாலு முடி. ஆனால் நம் முடிதிருத்துபவர் நாலையும் தனித்தனியாக நலம் விசாரித்துத்தான் வெட்டுவார். ஆகவே கொஞ்சம் நேரம் இருக்கிறது.

வாசலில் நின்று, உங்கள் மனைவியின் போனை என் மூக்குக்கு நேரே நீட்டி, "அந்த மனுஷனுக்கு நெஞ்சுல ஈரமே இல்லையா மாமா?" என்று கேட்டீர்கள். அதற்கு அப்புறம்தான் மிளகு இறந்துவிட்டாள் என்று சொன்னீர்கள். என் தங்கை பெற்ற ஒரே பிள்ளை. நான் இட்ட பெயர்தான் மிளகு. என் தோளில் ஏறி, இரண்டு காதையும் பிடித்துத் திருகி வண்டி ஓட்டியவள். இருக்கட்டும். நீங்கள் கேட்டதற்குப் பதில் சொல்லிவிடுகிறேன். உங்கள் மாமனார், அதாவது என் மச்சான், நெஞ்சில் ஈரம் நிறைய உண்டு. உங்கள் கோபம் ஆள் மாறி வந்திருக்கிறது, அவ்வளவுதான்.

நான் படங்களுக்குச் சட்டம் போட்டுப் பிழைத்தவன். வருகிற படம் ஓர் அளவாக இருக்கும், கையிருப்புச் சட்டம் ஓர் அளவாக இருக்கும். இரண்டும் பொருந்தியதாகச் சரித்திரம் இல்லை. படத்தின் ஓரத்தைக் கொஞ்சம் சீவித்தான் உள்ளே இறக்க வேண்டும். ஒரு கல்யாணப் படத்தில் கடைசியாக நின்ற பெரியவரின் வலது கை அப்படிப் போயிற்று. சில நாளில் அவரே கடைக்கு வந்துவிட்டார்.

"என் கை எங்கய்யா?"

"குப்பைக்கூடையில இருக்கும். நல்லாக் குனிஞ்சு பாருங்க பெரியவரே."

அவரும் குனிந்து தேடி எடுத்து, தூசியை ஊதி, கையைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போனார். அதற்குப் பிறகு அந்தத் தோளில் அவருக்கு வலியே வந்ததில்லை என்று கேள்வி. ஓரத்தில் இருப்பது போனதால் யாரும் செத்துவிடுவதில்லை என்பதற்காக இதைச் சொல்கிறேன். தொழில் எனக்கு அப்படித்தான் சொல்லிக்கொடுத்திருந்தது.

என் தங்கை போன அன்று இந்த அறையில் நடந்ததை நீங்களும் பார்த்தீர்கள். "ஆஸ்பத்திரிக்கு நாளைக்குப் போலாம், நாளைக்குப் போலாம்னே என் பொண்டாட்டியக் கொன்னுட்டியே! இனிமே என் வாசப்படிய மிதிக்காதே" என்று மகளைப் பார்த்துக் கத்தினார் மச்சான். துக்கத்தில் வருகிற வார்த்தைக்கு முன்யோசனை கிடையாது. மிளகும் சும்மா இருக்கவில்லை. பெயருக்கேற்ற காரமாக நாலு வார்த்தை சொல்லிவிட்டு உங்களோடு படியிறங்கினாள். பிறகு மிதிக்கவே இல்லை.

ஆனால் கொஞ்ச நாள் கழித்து மச்சானுடைய போனில், காய் வெட்டும் ஆட்டம் ஒன்றில், அவளுடைய காய் ஒரு கட்டம் முன்னால் வந்து நின்றது. சின்ன வயதில் அப்பனும் மகளும் சமையலறைத் தரையில் சாக்குக்கட்டியால் கட்டம் போட்டு ஆடியது. மச்சான் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். மூக்கைச் சிந்தினார். பதிலுக்கு ஒரு காயை நகர்த்தினார். அன்றிலிருந்து தினமும் இவர் ஒரு காய், அவள் ஒரு காய். பேச்சு மட்டும் இல்லை.

"ஒரு வார்த்தை பேசினா குறைஞ்சா போயிடுவே?" என்று கேட்டால், "அவ பேசட்டும்யா. நான் அப்பன்" என்பார்.

நான் இந்த வீட்டுக்குக் குடிவந்ததும் அப்போதுதான். கடையை மூடியாகிவிட்டது; எனக்குப் பெண்டு பிள்ளை கிடையாது. ஆனாலும் எனக்காக வரவில்லை, அவருக்குத் துணையாக வந்தேன். இரண்டு கிழவர்கள் இருந்தால் அதற்குப் பெயர் வீடு. ஒருவரை எடுத்துவிட்டால் சாமான் போட்டுவைக்கிற அறை.

இப்படி இருக்கையில் மச்சானின் பழைய போன் வாளித் தண்ணீரில் விழுந்து உயிரை விட்டது. கடைக்காரன் தலையில் கட்டிய புதுப் போனுக்கு எண்ணும் புதுசு, உடம்பும் நீளம். பழைய ஆட்டத்தை மட்டும் விட்ட இடத்திலிருந்தே ஏற்றிக் கொடுத்தான். ஆட்டமோ பழைய குட்டைப் போன்களுக்காகச் செய்தது. நடுவில் ஆட்டம் நிற்கும். மேலேயும் கீழேயும் கறுப்புப் பட்டை.

"யோவ் மச்சான், என்னய்யா இது, சாவுச் செய்தி அச்சடிச்ச காகிதம் மாதிரி? நீதான் சட்டம் போடறவனாச்சே. பொருத்திக் குடு."

போனின் செட்டிங்ஸுக்குள் போய்ப் பார்த்தேன். இரண்டு வழி இருந்தது. ஆட்டத்தை உள்ளபடியே விட்டுவிடலாம், கறுப்போடு. அல்லது திரை முழுவதும் நிரப்பச் சொல்லலாம். நிரப்பினால் படம் உயரத்துக்குத் தக்கபடி பெரிதாகும், கூடவே அகலமும் பெரிதாகும். இரண்டு பக்கமும் ஒரு விரல் அகலம் திரைக்கு வெளியே போய்விடும். அப்படியே என் தொழில்தான். மரத்தூள் மட்டும் இல்லை.

வெட்டுவதற்கு முன்னால் வெட்டுப்படப்போவது என்ன என்று பார்ப்பது வேலைக்காரன் வழக்கம். இடது ஓரத்தில் ஏதோ பூவேலை. வலது ஓரத்தில், ஆடுகிறவர்கள் ஒருவருக்கொருவர் எழுதிக்கொள்வதற்கான ஒரு சின்னக் கடித உறை மினுக்கிக்கொண்டிருந்தது. தொட்டேன்.

நீங்கள் சற்று முன் படித்துக் காட்டினீர்களே, அந்த முதல் கடிதம்தான். "அப்பா, சாப்பிட்டீங்களா? நம்பரை மாத்திட்டீங்களா? நான் அன்னைக்குப் பேசினதுக்கு மன்னிச்சிடுங்க. நாங்க பெரிய வீடா பார்த்து வந்துட்டோம். இங்கயே வந்து இருந்துடுங்க. ஒரு வார்த்தை சொல்லுங்க, நானே வந்து கூட்டிட்டுப் போறேன்."

மச்சான் அந்த நாற்காலியில் உட்கார்ந்து கால் நகம் வெட்டிக்கொண்டிருந்தார். உறையை மூடினேன். 'நிரப்பு' என்பதைத் தொட்டேன். அந்த ஆட்டம் அடிக்கடி கிணுகிணுக்காதபடி அதன் மணியையும் அணைத்தேன். வயதான மனிதருக்குத் தூக்கம் முக்கியம்.

"அடேங்கப்பா! சினிமா மாதிரில்ல இருக்கு" என்றார் மச்சான். அவர் அவ்வளவு சந்தோஷப்பட்டு நான் பார்த்து நாளாகியிருந்தது.

நான் யோசிக்காமல் செய்யவில்லை. அவருக்கு முழங்கால் சரியில்லை. புது இடத்தில் எந்தப் பக்கம் திரும்பினால் மருந்துக்கடை என்று தெரியாது. மகளோ மிளகு, அப்பனோ மிளகாய். நாலு நாளில் மறுபடி சண்டை மூண்டால் மனிதர் எங்கே போவார்? எல்லாவற்றையும் அவர் பக்கம் நின்றுதான் பார்த்தேன். முதல் கடிதத்துக்குக் கீழே 'பார்த்துவிட்டார்' என்று அடையாளம் விழுந்திருக்கிறது என்றும், பார்த்தும் பேசாத அப்பா என்று அவள் அழுதாள் என்றும் சொன்னீர்கள். அப்படி ஓர் அடையாளம் விழும் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை.

ஒரே ஒரு முறைதான் சங்கடமாகப் போயிற்று. போன் தானாகவே தன்னைப் புதுப்பித்துக்கொண்டு, நான் செய்த வேலையை அவிழ்த்துவிட்டது. நான் தேநீர் கலந்துகொண்டிருந்தேன். கூடத்திலிருந்து குரல் வந்தது.

"யோவ், கறுப்பு திரும்பி வந்துடுச்சுய்யா. இது என்ன, ஓரத்துல என்னமோ மினுக்குது? மேல நம்பர் வேற போட்டிருக்கு."

கரண்டியைக் கீழே வைத்துவிட்டு வந்தேன். ஓடவில்லை. அவருடைய கட்டைவிரல் உறைக்கு மேலே நின்றுகொண்டிருந்தது.

"தொடாதே."

"ஏன்?"

"விளம்பரம்யா. தொட்டா ஆட்டமே அழிஞ்சுடும். முதல்ல இருந்து ஆடணும்."

"மிளகோட ஆடறதுமா?"

"அதுதான் முதல்ல போகும்."

அவர் விரலை நெருப்பில் சுட்டுக்கொண்டவர் மாதிரி இழுத்துக்கொண்டார். போனை என்னிடம் கொடுக்கும்போது இரண்டு கையாலும் பிடித்துக் கொடுத்தார், சிந்திவிடக்கூடியது மாதிரி. நான் மறுபடி நிரப்பிக் கொடுத்தேன். "நல்லவேளை நீ இருந்தே" என்றார். அதை நீங்கள் கவனிக்க வேண்டும். அவரே சொன்ன வார்த்தை.

அந்த உறைக்குள் அப்போது நிறையக் கடிதம் சேர்ந்திருக்க வேண்டும். நான் ஒன்றையும் படிக்கவில்லை. பிறருடைய கடிதத்தைப் பிரித்துப் படிக்கும் பழக்கம் எனக்குக் கிடையாது.

ஆகவே அவளுக்கு உடம்பு சரியில்லை என்பது எனக்குத் தெரியாது. மச்சானுக்குத்தான் ஏதோ தட்டுப்பட்டது. "இவ ஆட்டம் தளர்ந்துடுச்சுய்யா. வெட்ட வேண்டிய காயக்கூட வெட்டாம விடறா. என்னவோ மாதிரி இருக்கு" என்றார் ஒருநாள். வீட்டு வேலை, புருஷன், கவனம் எங்கேயாவது போயிருக்கும் என்று நான்தான் சமாதானம் சொன்னேன். அன்றிலிருந்து அவர் தன் காய்களைக் கொண்டுபோய் அவள் காய்களுக்கு முன்னால் நிறுத்த ஆரம்பித்தார், வெட்டிக்கொள் என்று. "ஜெயிக்கட்டும்யா. ஜெயிச்சா சிரிப்பா. சின்னதுல இருந்தே அப்படித்தான்." ஆஸ்பத்திரிக் கட்டிலில் படுத்துக்கொண்டு அவள் அந்தக் காய்களை வெட்டினாள் என்றும், வெட்டிவிட்டுச் சிரிக்கவில்லை, "அப்பா இவ்வளவு மோசமா ஆட மாட்டாரே, எனக்காக விட்டுக்கொடுக்கறாரு, ஆனா ஒரு தடவை வந்து பார்க்க மட்டும் மனசு வரலையே" என்று கேட்டாள் என்றும் நீங்கள் சொல்கிறீர்கள். அறிவுள்ள பெண். பாதிக்கு மேல் சரியாகத்தான் கணித்திருக்கிறாள்.

அப்புறம் அவள் காய் நகரவில்லை. மச்சான் போனைச் சுவரில் சாய்த்து வைத்துவிட்டு அதற்கு முன்னால் உட்கார்ந்திருக்கிறார். சாப்பிடக் கூப்பிட்டால், "இரு, இப்ப ஆடிடுவா" என்கிறார். தட்டு ஆறுகிறது. இன்று முடிவெட்டப் போனதே நான் தள்ளி அனுப்பியதால்தான். போனைக்கூட என் பொறுப்பில் விட்டுவிட்டுப் போனார். "அவ ஆடினா உடனே ஆள் அனுப்பு, பாதி வெட்டோட எழுந்து வந்துடறேன்" என்றார்.

கடைசிக் கடிதத்தையும் நீங்கள் படித்தீர்கள். "வர மனசில்லன்னா வேண்டாம்ப்பா. அம்மா இல்லாத வீட்டுல தனியா மட்டும் இருக்காதீங்க. மாமாவையும் சேர்த்துத்தான் நான் கூப்பிட்டேன். மாமாவுக்குன்னு தெருப்பக்க அறையைக் காலி பண்ணி வச்சிருக்கேன். பின்னாடி மரம் அறுக்கக்கூட இடம் இருக்கு."

அந்த இடத்தை நீங்கள் இரண்டாம் முறை படிக்க வேண்டியதில்லை, மாப்பிள்ளை. எனக்குக் காது நன்றாகவே கேட்கிறது. தெருப்பக்கம் என்றால் தூசி வரும். என் நெஞ்சுக்கு ஆகாது.

ஆக, செய்தது நான்தான். அவர் மகளை அவர் கண்ணுக்குத் தெரியாமல் ஒரு விரல் அகலத்துக்கு வெளியே தள்ளினேன். உள்ளே வரப் பார்த்தபோது மறுபடியும் தள்ளினேன். அவள் கூப்பிட்டுக் கூப்பிட்டு அடங்கும்வரை அவள் அப்பாவை அந்த நாற்காலியில் உட்கார வைத்திருந்தேன். நீங்கள் என்னைத் திட்டலாம். வேண்டுமானால் அடிக்கலாம், சத்தம் போடாமல் அடியுங்கள். ஆனால் அவரிடம் சொல்லி என்ன ஆகப்போகிறது? பெண் போனது ஒன்று. அவள் கூப்பிட்டிருந்தாள் என்பது இன்னொன்று. இரண்டையும் ஒரே நாளில் அந்த முழங்காலால் தாங்க முடியாது.

படியில் செருப்புச் சத்தம். அவர்தான், வலது காலை இழுத்து வைப்பார். பதறாதீர்கள், நீங்கள் உள்ளே வந்ததுமே தாழ்ப்பாளைப் போட்டுவிட்டேன்.

"யோவ் மச்சான்! பட்டப்பகல்ல எதுக்குய்யா தாழ்ப்பா? ஆடினாளா?"

கேட்கிறதா? முதல் கேள்வியே அதுதான். மிளகின் போனை என்னிடம் கொடுத்துவிட்டு நீங்கள் பின்பக்கப் படியால் இறங்கிவிடுங்கள். இப்போது மிளகின் முறை. அவள் எப்படி ஆடுவாள் என்று எனக்குத் தெரியும். இடது பக்கத்துக் காயைத்தான் முதலில் எடுப்பாள். தினமும் ஒன்று நகர்த்துகிறேன், அவர் உள்ளவரைக்கும். நடுவில் அவரை ஜெயிக்கவும் விடுகிறேன்.

ஏன் அப்படிப் பார்க்கிறீர்கள்? கையைத் தளர்த்துங்கள், மாப்பிள்ளை, போன் உடைந்துவிடும். கதவுப் பக்கம் போகாதீர்கள். எனக்காகவா கேட்கிறேன்? அவர் தனியாக இருந்து பழக்கமில்லாதவர். நான் எப்படியும் சமாளித்துக்கொள்வேன்.