இரண்டு முழம் மதில்

இந்த வெளிநாட்டு ஊரில் மொண்டெல்லோ கடற்கரைக்குப் போகும் பேருந்தில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு பெண்கள். பேச்சிலிருந்து இருவரும் நெடுந்தீவுக்காரர்கள் என்று தெரிந்தது. ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த இளையவர் சொன்ன ஒன்றைக் கேட்டு இயர்போனைக் கழற்றினேன்.

"பத்மாக்கா, உங்கடை அயர்லாந்துக்காரன் எங்கடை தீவைக் களவெடுக்கிறான்."

"உனக்கென்ன விசரே, ராஜி? அவர் நாடகம் எழுதிறவர். நான் வீடு துடைச்சு முடிய, தேத்தண்ணி குடிக்கேக்கை ஏதும் கேப்பார்."

"அதைத்தான் சொல்லுறன். தன்ரை நாட்டிலையும் ஒரு தூரத்துத் தீவிலை போயிருந்து, அந்தச் சனத்தின்ரை வீட்டுக் கதையெல்லாம் நாடகமாக்கினவனாம். இப்ப அங்கை ஒருத்தரும் அவனோடை கதைக்கிறேல்லையாம். நீங்கள்தானே சொன்னனீங்கள்."

"ஓம். அங்கையும் எங்கடை மாதிரிச் சாந்து பூசாத கல்மதிலாம். அதைப் பற்றித்தான் கேட்டவர்."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"பெரிசா ஒண்டுமில்லை. மழைக்கு மதில் இடிஞ்சு விழ, எங்கடை மாமா திருப்பி அடுக்கேக்கை ரெண்டு முழம் அங்காலை தள்ளி அடுக்கினதைச் சொன்னன். மனுசன் விழுந்து விழுந்து சிரிச்சுப்போட்டு எழுதினார்."

ராஜி சிரிக்கவில்லை. "எந்தப் பக்கத்து மதில்?"

"அது பழைய கதையடி."

"உங்கடை வீட்டு வளவுக்கு ஒரு பக்கம் கடல், ரெண்டு பக்கம் ஒழுங்கை. மற்றப் பக்கம் நாங்கள்தானே, அக்கா?"

பத்மாக்கா எட்டி, இறங்குவதற்கான மணியை அழுத்தினார். பேருந்து நின்றது, கதவு திறந்தது, மூடியது. அவர் எழுந்திருக்கவேயில்லை.