சம்பந்தி வருவதற்குள் கோட்டை திறக்க வேண்டும்

"ஹலோ... ஹலோ, துலாத்து... நான்தான்டா, ஜோமார்ட் அத்தான்... ஆமா, ஆமா, உயிரோடதான் இருக்கேன்... அக்காவும் நல்லா இருக்கா, அடுப்படியில நிக்கிறா... யாருக்கும் ஒண்ணும் ஆகலடா. மச்சானை சும்மா கூப்பிடக் கூடாதா... சரி, சும்மா இல்ல. ஒரு உதவி வேணும்."

உதவி என்கிற வார்த்தை ஜோமார்ட்டின் தொண்டையைக் கிழித்துக்கொண்டுதான் வெளியே வந்தது. கரகந்தா நகரத் தண்ணீர் இலாகாவில் அவர் மீட்டர் சோதிப்பவர். திருட்டுக் குழாய் எந்தச் சுவருக்குள் ஒளிந்திருந்தாலும் மோப்பம் பிடித்துவிடுவார். மனைவி ரௌஷானின் தம்பி துலாத் ஒரு காலத்தில் சந்தையில் துணியை விரித்துத் திருட்டு சிடி விற்றவன். இப்போது அஸ்தானாவில் கம்ப்யூட்டர் கடை வைத்துக் கௌரவமாகத்தான் இருக்கிறான். ஆனாலும் நவ்ரூஸ் பண்டிகைக்கு வந்தால் அத்தான் விடமாட்டார். கறியோடு நேர்மையைப் பற்றிய பிரசங்கத்தையும் சேர்த்துப் பரிமாறுவார். கடைசியில் எழுந்துபோய் அலமாரியிலிருந்து ஒரு பெட்டியை எடுத்து வந்து மச்சானின் மூக்குக்கு நேரே நீட்டுவார். 'எல்லைக் கோட்டை' என்ற கம்ப்யூட்டர் விளையாட்டு. ஊரே துலாத்திடம் திருட்டு சிடி வாங்கி விளையாடிய நாளில் ஜோமார்ட் மட்டும் பெரிய கடைக்குப் போய், முத்திரை ஒட்டிய அசலை வாங்கினார். "முத்திரையைப் பார்த்தியா, மினுக்குது பாரு" என்பார். துலாத் பாவம், தலையை ஆட்டிக்கொண்டே எலும்பைச் சப்புவான்.

"அந்தக் கோட்டை விளையாட்டு இருக்குல்ல... அதேதான், பெட்டியில இருக்குறது... அது திறக்க மாட்டேங்குதுடா."

போனைக் காதிலிருந்து கொஞ்ச தூரம் தள்ளிப் பிடித்துக்கொண்டார்.

"சிரிச்சு முடி. நான் இருக்கேன்... முடிச்சிட்டியா... இன்னும் இல்லையா... சரி, சிரி. உன் காலம்."

மேஜைமேல் லேப்டாப் திறந்து கிடந்தது. திரையில் ஒரு வட்டம், செக்குமாடு மாதிரி, காலையிலிருந்து சுற்றிக்கொண்டே இருந்தது.

"சுத்துதுடா. 'சேவையுடன் இணைகிறது, காத்திருக்கவும்'னு போட்டிருக்கு. நானும் காத்திருந்து காத்திருந்து டீ குடிச்சே வயிறு ஊதிப் போச்சு... மூடிட்டானா? யாரு, கம்பெனிக்காரனா... எப்ப... அடப்பாவி. எனக்கு ஒரு வார்த்தை சொல்லலையே... ஆமா, நான் எங்க விளையாடினேன், பெட்டியைத் தொடச்சுத் தொடச்சு வச்சேன், வாஸ்தவம்தான்... இல்ல, நீ சொல்றது புரியல. என் கம்ப்யூட்டர், என் சிடி, என் வீடு. அவன் அங்க கடையை மூடினா இங்க ஏன் நிக்கணும்... ஓ. ஒவ்வொரு தடவையும் அவன்கிட்ட போய் 'நான் யோக்கியன்தான்'னு சொல்லிட்டு வந்தாத்தான் கதவைத் திறக்குமா... இப்ப கேக்குறதுக்கு அங்க ஆளு இல்ல... அப்ப அந்த சந்தை சிடி... என்னது? அது ஓடுதா? இன்னைக்குமா..."

ஜோமார்ட் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். திருட்டு சிடியில் அந்தக் கேள்வியையே வெட்டி எறிந்துவிட்டார்களாம். அதனால் ஊரில் உள்ள அத்தனை களவாணியும் இன்றைக்கும் ஜாம்ஜாம் என்று விளையாடலாம். வெளியே நிற்பது காசு கொடுத்து வாங்கிய மடையன் மட்டும்தான். அந்த மடையனின் பெயரை யோசிக்க அவருக்கு அதிக நேரம் பிடிக்கவில்லை.

"போதும்டா. முத்திரை மினுக்குது, ஆமா, இப்பவும் மினுக்குது. குத்திக் காட்டுறதுக்கு நவ்ரூஸ் வரைக்கும் பொறு, நானே உன்னை வீட்டுக்குக் கூப்பிட்டு உட்கார வச்சுக் கேக்குறேன். இப்ப உதவி பண்ணு. நீ தாய்மாமன்டா. என் பொண்ணு கம்ஷாத்து கல்யாண விஷயம் இது."

அந்தப் பக்கம் சிரிப்பு நின்றிருக்க வேண்டும். ஜோமார்ட்டின் குரல் தணிந்தது.

"பையனோட அப்பா முதல்ல ஒரு தடவை வந்தாருல்ல, சகிந்திக்னு பேரு. சுரங்கத்துல பாதுகாப்பு அதிகாரி... ஆமா, அந்த மீசைக்காரருதான். வந்து உட்கார்ந்தவரு எழுந்து போற வரைக்கும் மொத்தமா என்ன பேசினாரு தெரியுமா? 'டீ போதும், குளிரு ஜாஸ்தி.' அவ்வளவுதான். உன் மருமக ரூம்ல உட்கார்ந்து அழுவுறா, அவருக்கு என்னைப் பிடிக்கலன்னு. நானும் அழுதிருப்பேன், வெக்கமா இருந்துச்சு. அப்புறம் கிளம்புற நேரத்துல அந்தப் பெட்டியைப் பார்த்தாருடா. அப்படியே நின்னுட்டாரு. 'இதை நான் விளையாடுவேன்'னாரு. சிரிச்சாரு, சத்தியமா, பல்லு தெரிஞ்சுச்சு... அங்கதான் எனக்கு நாக்குல சனி. 'நான் தினமும் விளையாடுறேன் சம்பந்தி, அடுத்த வாட்டி உங்க லேப்டாப்பைக் கொண்டு வாங்க, ஒரு கை பார்ப்போம்'னுட்டேன்."

"...ஆமா, தினமும்னுதான் சொன்னேன்... பொய்தான்... நான் விளையாடி ஜெயிச்சதே இல்லைன்னு உனக்கும் எனக்கும் தெரியும், அவருக்குத் தெரியாதே... இன்னைக்குத்தான்டா வர்றாரு. இப்ப வந்துட்டிருப்பாரு. உங்க அக்கா ஈரல வேக வச்சிட்டா, வால்கொழுப்பும் வெந்துட்டிருக்கு."

அதற்குமேல் துலாத்துக்கு விளக்கம் தேவையில்லை. கசாக் வீட்டில் சம்பந்திகள் ஆட்டின் வால்கொழுப்பும் ஈரலும் ஒருவருக்கொருவர் ஊட்டிவிட்டால் சம்பந்தம் முடிந்தது. பிறகு வானமே இடிந்தாலும் பேச்சு மாறக்கூடாது. ஊட்டாதவரை எதுவும் நிச்சயமில்லை. 'பார்ப்போம்' என்று எழுந்து செருப்பை மாட்டிக்கொண்டு போகலாம், யாரும் தடுக்க முடியாது.

"அவரு லேப்டாப்பைத் திறப்பாரு, அவருது ஜம்முனு ஓடும், என்னுது சுத்திக்கிட்டு நிக்கும். விளையாட்டுல பொய் சொல்றவன் வேற எதுல பொய் சொல்லுவான்னு நினைப்பாருல்ல... அவருதும் ஓடாதா? போடா. அந்த ஆளு வீட்ல எல்லாம் ஓடும். சுரங்கத்தையே ஓட்டுறவரு... சரி சரி, சொல்லு, என்ன பண்ணணும்."

துலாத் ஏதோ ஒரு ஃபைலை அனுப்பினான். அந்த விளையாட்டை விட மனசில்லாத யாரோ நாலு பேர் உட்கார்ந்து செய்ததாம். கம்பெனிக்குப் பதிலாக அதுவே வாசலில் நின்று, 'இவர் யோக்கியர்தான், உள்ளே விடு' என்று சொல்லிவிடுமாம்.

"வந்துடுச்சு. எங்க போடணும்... விளையாட்டு இருக்குற இடத்துலயா. போட்டுட்டேன்... இன்னும் சுத்துது... எங்க போட்டேனா? திரையில கோட்டை படம் இருக்குல்ல, அதுக்குப் பக்கத்துல வச்சேன்... படம் வேற, வீடு வேறயா? வாசல்ல பேர் எழுதின பலகைக்குப் பக்கத்துல சோத்தை வச்சிட்டு உள்ள இருக்குறவன் சாப்பிடலன்னு அழுவுறேன், அதானே சொல்ற... புரியுதுடா, நானும் படிச்சவன்தான்... சரி, உள்ள போறேன். இன்னும் உள்ள. ஆங், போட்டுட்டேன்."

"...துலாத்து... காணோம்டா. வச்ச ஃபைல் காணாமப் போச்சு... நான் தொடலடா, என் கண்ணு முன்னாடி மாயமாப் போச்சு. மூலையில ஒரு சிவப்புப் பெட்டி வந்து 'ஆபத்தை அழித்துவிட்டோம்'னு சந்தோஷமா சொல்லுது... ஆன்டிவைரஸா? அதுவும் அசல்தான்டா, வருஷா வருஷம் காசு கட்டுறேன்... ஆமா, என் வீட்டு நாய் என் கையையே கடிக்குது. எப்படிக் கட்டிப் போடுறது, அதைச் சொல்லு."

வாழ்நாள் முழுக்கத் திருட்டை மோப்பம் பிடித்த மனிதர் தன் வீட்டு மோப்ப நாயைத் தானே கட்டிப்போட்டார். 'நீங்கள் ஆபத்தில் இருக்கிறீர்கள்' என்று அது எச்சரித்தது. அது தெரியாதா என்று ஜோமார்ட் முணுமுணுத்தார்.

"போட்டாச்சு. திறக்குறேன்... சுத்துது... இன்னும் சுத்துது... இரு, இரு, பேசாத..."

வட்டம் நின்றது. திரை ஒரு கணம் கறுத்தது. பிறகு ஸ்டெப்பி புல்வெளியும் மதில் சுவரும் தெரிந்தன, மதில்மேல் ஒருவன் கொம்பு ஊதினான்.

"திறந்துடுச்சு மச்சான். ஐயோ, திறந்துடுச்சுடா... இல்ல, ஒண்ணுமில்ல, தூசி... நீ நல்லா இருப்ப. உன் கடை பத்து கடை ஆகும். திருடன்னு சொன்ன வாய்ல... சரி, சொல்ல மாட்டேன், நீயும் சொல்லாத... பெல் அடிக்குதுடா. வந்துட்டாங்க. வைக்காத, லைன்லயே இரு, நடுவுல ஏதாவது நின்னுட்டா நான் செத்தேன்."

போனை அப்படியே மேஜைமேல் வைத்துவிட்டு ஓடினார். சகிந்திக் பனிச்சேறு ஒட்டிய பூட்ஸைக் கழற்றினார். அவர் மனைவி நேராக ரௌஷானோடு அடுப்படிக்குப் போய்விட்டாள். தோர் என்று சொல்லும் அந்த முதல் மரியாதை இடத்தில், வாசலைப் பார்த்து, சம்பந்தியை உட்கார வைத்தார்கள். முகம் முந்தின தடவையைவிட நீளமாக இருந்தது. தோளில் லேப்டாப் பை. அதை அவர் திறக்கவும் இல்லை, கீழே வைக்கவும் இல்லை. மேஜைமேல் கொம்பு ஊதிக்கொண்டிருந்த திரையைப் பார்த்ததும் அவர் முகம் இன்னும் இறங்கிப்போனது.

பிறகு பையிலிருந்து ஒரு பெட்டியை எடுத்தார். அதே பெட்டி, அதே முத்திரை. தன்னுடையது எத்தனையோ நாளாகத் திறக்கவில்லை என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார். விளையாடுவேன் என்று அன்றைக்கு வாய்தவறிச் சொல்லிவிட்டாராம். அண்ணன் மகனைக் கூப்பிட்டுப் பார்த்தாராம், ஆகவில்லை. காய்ச்சல் என்று சொல்லி இன்றைக்கு வராமலே இருந்துவிடலாமா என்றுகூட நினைத்தாராம். தினமும் விளையாடுகிறவர் வீட்டுக்கு எந்த முகத்தை வைத்துக்கொண்டு வருவது என்றார்.

ஜோமார்ட்டுக்கு அப்போது ஒரு நல்ல வாய்ப்பு கிடைத்தது. 'அப்படியா, என்னுது நல்லா ஓடுதே' என்று மீசை இருந்தால் முறுக்கியிருக்கலாம். வாய்வரை வந்தும்விட்டது. சம்பந்தியின் வெட்கம் பிடித்த முகத்தைப் பார்த்தார், தன் முகத்தைக் கண்ணாடியில் பார்ப்பது போலவே இருந்தது. விழுங்கிவிட்டார்.

"தினமும் எங்க சம்பந்தி? இப்பத்தான், நீங்க பெல் அடிக்கிறதுக்கு ஒரு நொடி முன்னாடிதான் திறந்துச்சு. திருட்டு வேலை பண்ணித்தான் திறந்தேன். நான் பண்ணல, என் மச்சான் பண்ணினான். சந்தையில திருட்டு சிடி வித்தவன், கெட்டிக்காரன். லைன்லதான் இருக்கான், பேசுங்க... துலாத்து, சம்பந்திகிட்ட குடுக்குறேன். மரியாதையாப் பேசு."

சகிந்திக் தன் லேப்டாப்பை எடுத்து விரித்து வைத்துவிட்டுப் போனை வாங்கினார். சுரங்கத்துக்குள்ளிருந்து உத்தரவு கேட்கும் ஆள் போல முதுகை நிமிர்த்திக்கொண்டார்.

"ஹலோ... வணக்கம் தம்பி... ஆமா... ஆமா. வந்துடுச்சு... எடுத்தாச்சு... உள்ள போட்டாச்சு... ஆன்டிவைரஸ் முடக்கியாச்சு... திறக்குறேன்."

வட்டம் சுற்றியது. நின்றது. இரண்டாவது லேப்டாப்பிலும் ஒருவன் கொம்பு ஊதினான்.

சகிந்திக்குக்கு அப்போதுதான் வாய் திறந்தது. சுரங்கத்தில் ஷிஃப்ட் முடித்து வந்து விளையாடிய கதை, குதிரைப் படையை ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஒளித்து வைக்கும் தந்திரம், காசு கொடுத்து வாங்கியதற்கு நண்பர்களிடம் வாங்கிய கேலி எல்லாம் மடை திறந்தது போல வந்தன. ஜோமார்ட் பக்கத்தில், இரண்டு லேப்டாப்பையும் இணைக்க எடுத்த கேபிளைக் கையில் பிடித்துக்கொண்டு வாயைப் பிளந்து உட்கார்ந்திருந்தார். அடுப்படிக் கதவில் கம்ஷாத்தின் தலை தெரிந்து மறைந்தது.

"...ஆமா தம்பி, ரெண்டு மடையனுங்களும் இப்ப ஒரே வீட்ல இருக்கோம், நீங்க சொல்றது சரி... அவரு தோப்பாரா? தோக்கட்டும், நல்லது... இல்ல இல்ல, நீங்க கண்டிப்பா வரணும். கல்யாணத்துல எங்க பக்கத்துல தோர்ல உட்கார்றீங்க, நான் பார்த்துக்கிறேன்... எப்பவா? ஆப்பிள் பறிச்சு முடிஞ்சதும் வச்சுக்கலாம்னு வீட்ல பேசினோம்... இல்ல, உங்க அத்தானுக்கு இன்னும் சொல்லல. பக்கத்துலதான் இருக்காரு. சொல்லிடட்டுமா? அவரு முகம் ஒரு மாதிரி ஆவுது... தட்டு வருது தம்பி. அவரே ஈரல எடுக்குறாரு... இருங்க, ஒரு நிமிஷம்... ம்ம்... ம்..."

ஜோமார்ட் ஈரலும் கொழுப்புமாய்க் கைநிறைய எடுத்து சம்பந்தியின் வாயை அடைத்துவிட்டு, போனைப் பறித்தார்.

"ஹலோ, துலாத்து... அவரால இப்ப பேச முடியாது... சாப்பிட்டுட்டாருடா... ஆமா, ஆமா, முழுங்கிட்டாரு, நான் பார்த்தேன்... உங்க அக்காவும் அழுவுறா, நானும் அழுவுறேன், போதுமா... ஆப்பிள் பறிச்சதும்னாரு, உனக்குத்தான் முதல்ல தெரிஞ்சுச்சு, எனக்கு இல்ல... சரி, வை. வைடா. எனக்கு ஊட்டுறாரு."