ஏழாவது பிடிக்கு யார் பொறுப்பு?

நடுவர் சங்கத்தின் தலைமைப் பொறுப்பைத் தளராமல் தாங்கும் திருமதி ஹில்டா ஜாகர் அவர்களே! முழங்கால் தேய்ந்தும் முனைப்புத் தேயாத மூத்த நடுவர்களே! சனிக்கிழமைச் சேற்றை வியாழக்கிழமை வரை துவைக்கும் தாய்மார்களே! நடுவரைத் திட்டுவதற்கென்றே நுழைவுச்சீட்டு வாங்கும் நல்லோர்களே! மசித்த பட்டாணி ஆறுவதற்குள் முடித்துவிடு என்று கண்ணாலேயே சொல்லும் சமையலறைச் சகோதரிகளே! உங்கள் அனைவருக்கும் பத்தாம் வகுப்பு மாணவி கீலி பூத்தின் பணிவான வணக்கம்.

இன்று ஓய்வு பெறும் நடுவர் நெவில் ஓல்ட்ராய்ட் அவர்களுக்கு நன்றி சொல்ல எனக்கு இரண்டு நிமிடம் தந்திருக்கிறார்கள். சற்றுக் கூடும். பொறுத்தருள வேண்டும்.

முப்பத்து நான்கு ஆண்டுகள்! வாரநாளில் கூரைக்கு ஓடு வேய்ந்தார். வாரக் கடைசியில் ரக்பி லீக் திடலில் விசில் ஊதினார். மழையில் ஊதினார், மூடுபனியில் ஊதினார், கோல் கம்பம் கண்ணுக்குத் தெரியாத பனிப்பொழிவிலும் ஊதினார். புகழ் கிடைத்ததா? எந்த ஊரில் எந்தக் கூட்டம் நடுவரை வாழ்த்திப் பாடியது? அவருடைய பார்வையைப் பற்றிப் பாடினார்கள். பிறப்பைப் பற்றியும் பாடினார்கள்.

ஒருமுறை, தன் மனைவியின் அண்ணனையே திடலிலிருந்து வெளியேற்றினார். "டேய் நெவில், என் தங்கச்சியக் கட்டினவன்டா நீ!" என்று அவர் எகிறினார். "தங்கச்சி வீட்ல இருக்கா, மச்சான். இங்க நீ பதிமூணாம் நம்பர். கெளம்பு." அடுத்த மூன்று ஞாயிறும் மாமியார் வீட்டு விருந்தில் இவருக்கு மட்டும் குழம்பு வரவில்லையாம். திருமதி ஓல்ட்ராய்ட் தலையசைக்கிறார். நான்கு ஞாயிறா? திருத்திக்கொள்கிறேன்.

அத்தகைய மனிதர் இன்று மேடைக்கு நடந்து வந்தபோது இந்த மண்டபம் என்ன செய்தது? அவர் காலடியை எண்ணியது. "அஞ்சு... ஆறு... ஏழூ!" "நெவிலு, இன்னொரு அடி வச்சுக்கய்யா, யாரு கேக்கப் போறா!" எல்லோரும் சிரித்தோம். நானும் சிரித்தேன். சிரித்த வாய் இன்னும் கசக்கிறது.

பந்து வைத்திருக்கும் அணியை ஆறு முறை பிடித்து வீழ்த்தினால் பந்து எதிரணிக்குக் கைமாற வேண்டும். நம் ஊர்ப் பிள்ளை பத்து வரை எண்ணப் பழகும் முன்பே ஆறு வரை எண்ணிவிடுமே! அக்டோபரில், பதினாறு வயதுக்கு உட்பட்டோர் கோப்பையின் அரையிறுதியில், நெவில் மில்பேங்க் அணியை ஏழு பிடி வரை ஆடவிட்டார். அந்த ஏழாவதில் மில்பேங்க் நான்கு புள்ளி எடுத்தது. பதினான்கு பதினெட்டானது. பதினாறோடு நின்ற ஹாக்லி மூர் அணி தோற்று வீடு திரும்பியது. "எண்ணிக்கைத் தவறு என்னுடையது" என்று அறிக்கையில் அவரே எழுதிக் கையெழுத்திட்டார். சங்கக் குழு கூடியது. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் நடக்கும் ஊர் ஆட்டம், அவர் கடைசியாக ஊத வேண்டிய ஆட்டம், அவரிடமிருந்து எடுக்கப்பட்டது.

அன்று எல்லைக்கோட்டில் கொடி பிடித்தது யார் என்று ஒருவராவது கேட்டீர்களா?

நான்தான். வரவேண்டியவரின் கார் கிளம்பவில்லை. நடுவர் பயிற்சிக்கு வந்திருந்த என் கையில் கொடியைக் கொடுத்தார்கள். எண்ணிக்கையில் ஐயம் வந்தால் நடுவர் எல்லைக்கோட்டுப் பக்கம் பார்ப்பார். கொடி பிடித்தவர் தொடையோடு சேர்த்து விரல் காட்டுவார். அதுதான் நம் வழக்கம். நான்காவது பிடி விழுந்த கணத்தில் ஹாக்லி மூர் பயிற்சியாளர் திரு க்ளைவ் டைசனின் நாய் திடலுக்குள் பாய்ந்தது...

"அது என் பொண்டாட்டி நாய்!"

சரி ஐயா, உங்கள் மனைவியாரின் நாய். ஆட்டம் நின்றது. இரண்டு அணியும் நாயைத் துரத்தின. நெவிலும் துரத்தினார். நானும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். நாயைப் பிடித்துக் கட்டியதும் அவர் திரும்பி என்னைப் பார்த்தார். நான் மூன்று விரல் காட்டினேன். காட்டியிருக்க வேண்டியது நான்கு.

ஆட்டம் முடிந்து, உடைமாற்றும் அறை வாசலில் அவரிடம் சொன்னேன். "நாலு சார். நான் மூணுன்னு காட்டிட்டேன்." அவர் ஷூ கயிற்றை அவிழ்த்தபடியே கேட்டார்: "விசில் யாரு வாயில இருந்துச்சு?" "உங்க வாயில." "அப்புறம் என்ன? போய் டீ குடி, கண்ணு." "நான் போய் சொல்லிடறேன் சார்." "எதுக்கு? அந்தக் கும்பல் ஒன்ன மென்னு துப்பவா? எனக்குத் தோலு தடிச்சுப்போச்சு. போ, ஒங்கம்மா மழையில நிக்கிறாங்க."

நான் போய்விட்டேன். ஆறு வாரம் வாய் திறக்கவில்லை. அன்று தோற்றவர்களில் மூன்று பேர் என் வகுப்பில் இருக்கிறார்கள். ஒருவன் அதோ, சன்னலோர மேசையில். ஆமாம் ஜோயல், நான்தான். திங்கட்கிழமை என்ன சொல்வாயோ தெரியாது. எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது.

பின்னாலிருந்து "உக்காரு பாப்பா, போதும்" என்கிறார்கள். போதாது. திரு ஓல்ட்ராய்ட், நீங்களும் நிறுத்தச் சொல்லிக் கையைக் காட்டாதீர்கள்.

பெரியோர்களே! பிழை செய்யாத நடுவர் உண்டா? இல்லை. பிழையை ஒப்புக்கொள்ளும் நடுவர் உண்டா? சிலர் உண்டு. பிறர் பிழையைத் தன் பெயரில் எழுதிக்கொண்டு, ஊரே சிரித்தபோதும் உதட்டைத் திறக்காத நடுவரை எங்கே தேடுவீர்கள்? அவருக்குக் கையில் கேடயம், காதில் கேலியா? முன்வாசலில் மாலை, முதுகுக்குப் பின்னால் ஏளனமா?

அறிக்கையில் என் பெயரை எழுதுங்கள். கொடியை வாங்கிக்கொள்வதானால் வாங்கிக்கொள்ளுங்கள். அந்தக் கடைசி ஆட்டத்தை அவரிடம் திருப்பிக் கொடுங்கள். குழுவினர் ஐவரும் இதே மண்டபத்தில் இருக்கிறீர்கள். கையை உயர்த்த எத்தனை நேரமாகும்?

திரு டைசன், நீங்கள் கை தூக்குகிறீர்களே, குழுவில் இல்லையே?

"தோத்தது நாங்க, பொண்ணு! எங்களுக்கு ஒரு கை கூடவா கெடையாது?"

நன்றி ஐயா. இதோ, இன்னும் கைகள் எழுகின்றன. நான் எண்ணமாட்டேன், அதைத் தலைவர் அவர்களே செய்யட்டும். நடுங்கிய குரலை நடுவில் நிறுத்தாமல் கேட்ட உங்கள் எல்லோருக்கும் என் நன்றியும் வணக்கமும்.