பாய் விரிக்காத பொட்டல்

கரண்டு, பஸ்ஸு எதுவும் எட்டிப் பாக்காத காலம். கருங்குளத்துப்பட்டின்னு ஒரு ஊரு. அங்க கீழத்தெருவுல சடையன்னு ஒருத்தரு பறையடிச்சாராம். அவரு அடிச்சா பொணமே கால ஆட்டும்பாங்க. நான் பாக்கல, பொணமும் வந்து சாட்சி சொல்லல.

மேலத்தெருவுக்குள்ள நொழஞ்சா தோள் துண்ட எறக்கி இடுப்புல கட்டணுமாம். ஒருநா சடையன் மாட்டேன்னுட்டாரு. கீழத்தெரு மொத்தமும் பறைய எறக்கி வச்சிருச்சு. மேலத்தெரு எழவுக்கு அடிக்க ஆளில்ல. அப்பறம் ஒருநா ஊருக்கு வெளிய பொட்டலுக்குப் போன சடையன் திரும்பல. ஏன்னு கேக்க ஒருத்தனுக்கும் வாய் வரல.

அவரு பேரன் மருதையன், கூத்தாடி. தாத்தன் கதைய அதே பொட்டல்ல நாடகமாப் போடுறேன்னான். மேலத்தெருவுக்குத் தலைவரு அம்பலம். அவரு வந்து, போடு, ஆனா தெருவுக்குள்ள வர்ற காட்சியில துண்டு எறங்கணும், இல்லேன்னா ஒங்க தெருவுக்குக் கெணத்துத் தண்ணி கெடையாதுன்னாராம். மருதையனுக்குக் கைக்கொழந்த. சரின்னுட்டான்.

பொண்டாட்டி சிலம்பாயி சொன்னா: "ஒங்க தாத்தனை அவுங்க ஒருதடவதான் கொன்னாங்க. மிச்சத்த நீ பாத்துக்க."

பொழுது சாயுற நேரம் நாடகம். மேலத்தெரு முன்னால பாய் விரிச்சு ஒக்காந்துச்சு, அம்பலத்துக்குத் தலகாணி வேற. அசல் பறைன்னா தோலு விறைக்கத் தீயில காட்டணும், ஓலப்பந்தல் பத்திக்கும்னு மருதையன் கையில அட்டப்பறை.

சடையன் தெருவுக்குள்ள வர்ற காட்சி வந்துச்சு. தாத்தன் வேசத்துல நின்ன மருதையன் கை துண்டுக்குப் போச்சு. டம்முன்னு ஒரு அடி. அவன் குச்சியத் தூக்கவே இல்ல. இன்னொரு அடி. அட்ட எப்பிடிய்யா பேசும்? சத்தம் கீழருந்து வருது, பாய்க்கு அடியில. தீயில காட்டுன தோலு மாதிரி மண்ணு சூடேறுது. அம்பலந்தான் மொதல்ல எந்திரிச்சாரு. அடி நெருங்க நெருங்க எல்லாரும் எந்திரிச்சாங்க. சத்தம் நின்னுச்சு. ஒருத்தன் சும்மா குந்திப் பாத்தான். டம்.

தாத்தன் எங்க கெடக்காருன்னு மருதையனுக்குத் தெரிஞ்சுபோச்சு. துண்டுலருந்து கைய எடுத்தான். "தெருவுக்குள்ள வர்றேன், அம்பலம்"னான். அவரு ஒதுங்கி வழி விட்டாராம்.

தண்ணிய யாரும் நிறுத்தல. தோண்டிப் பாப்பமான்னு சிலபேரு கேட்டாங்களாம். அடிக்கிற மனுசன நடுவுல நிறுத்தாதீங்கன்னுட்டா சிலம்பாயி.

அதான் இன்னைக்கும் சித்திரைக்குச் சித்திரை அங்க நாடகம் நடந்தா பாயி, சேரு ஒண்ணும் போடுறதில்ல. ரெண்டு தெருவும் நின்னுதான் பாக்கும். போன வருசம் வெளியூரு மாப்ள ஒருத்தன் கால் கடுக்குதுன்னு குந்திட்டான். என்னாச்சுன்னு கேட்டா வாயத் தொறக்க மாட்டேங்கிறான். அவன் வெரலு மட்டும் தொடையில தாளம் போட்டுக்கிட்டே இருக்குதாம். தூங்கும்போதும்.