வாயசைவுக்குப் பொருந்திய வசனம்

எனக்கு வசனம் எழுத வராது. ஆட்களை நிறுத்தத் தெரியும், விளக்கை எங்கே வைப்பது என்று தெரியும். ஒரு தாய் மகனிடம் என்ன பேசுவாள் என்று கேட்டால் மட்டும் முழிப்பேன். இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை ஐயா, ரோமில் பாதி இயக்குநர்கள் அப்படித்தான்.

என் படங்களுக்கு எழுதியவன் லேலியோ தெர்ராசீனா. யூதன். யூதர்களை ஒதுக்கும் இனச் சட்டம் வந்த பிறகு அவன் பெயரைத் திரையில் போட முடியாது என்பதால் என் பெயரைப் போட்டோம். ஐந்து படங்கள். வசனத்தில் என்னை மிஞ்ச ஆளில்லை என்று பத்திரிகைகள் எழுதின. இந்த விசாரணைக் குழுவில் உட்கார்வதற்கு முன் நீங்களும் அந்தப் படங்களைப் பார்த்து அழுதிருப்பீர்கள்.

ஜெர்மானியர் நகருக்குள் வந்ததும் அவனைக் காப்பாற்றியது நான்தான். அதையும் குறித்துக்கொள்ளுங்கள். ஒரு மடத்தில் கொள்ளைநோய்க் கதையொன்றைப் படமாக்கிக்கொண்டிருந்தேன். அவனுக்குத் தாடி ஒட்டி, கந்தல் உடுத்தி, துணை நடிகர் கூட்டத்தில் சேர்த்துவிட்டேன். படப்பிடிப்பு நடக்கும்வரை என் ஆட்களை யாரும் தொடமாட்டார்கள். படம் முடிந்தால், ஜெர்மானியர் பக்கம் நின்ற அமைச்சகம் தன் பிரச்சாரப் படங்களை எடுக்க என்னை வெனிஸுக்கு இழுத்துக்கொண்டு போய்விடும். அதனால் முடிக்காமல் எடுத்துக்கொண்டே இருந்தேன். அவனுக்கு மடத்திலிருந்து வெளியேற வழியில்லை, எனக்குப் படத்திலிருந்து.

அமெரிக்கர்கள் ரோமுக்குப் பக்கத்து அன்சியோ கடற்கரையில் இறங்கிய செய்தி வந்த அன்று எல்லோரும் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். லேலியோ காய்ந்த ரொட்டியைக் கொண்டைக்கடலைச் சூப்பில் நனைத்தபடி என்னைச் சீண்டினான்.

"ஒட்டோரீனோ, அவங்க ரோமுக்கு வந்ததும் முதல் வேலையா என் பேரைத் திருப்பிக் குடுத்துடுடா. அஞ்சு படத்துக்கும். அப்புறம் நீ என்ன பண்ணுவே, கல்யாண வீட்டுல போட்டோ எடுப்பியா?"

நானும் சிரித்தேன். உள்ளுக்குள் கணக்குப் போட்டேன். ஜெர்மானியர் ஜெயித்தால் வெனிஸ். அமெரிக்கர்கள் ஜெயித்தால் நான் யாருமே இல்லை.

அந்த வாரமே ஜெர்மானியருக்குப் பதுங்குகுழி வெட்ட ஆள் பிடிக்கும் லாரி மடத்துக்கு வந்தது. காட்சி ஓடிக்கொண்டிருந்தது. இவர்கள் எல்லோரும் உன் ஆட்களா என்று அதிகாரி கேட்டான். எப்போதும் ஆமாம் என்றுதான் சொல்வேன். அன்று மட்டும் ஒவ்வொருவராகக் காட்டி, இவர் என் ஆள் என்றேன்.

லேலியோவிடம் வந்ததும், "இந்த ஆளை எனக்குத் தெரியாதுங்க" என்றேன்.

அது ஒட்டுத்தாடி என்பதையும் சொன்னேன். அதிகாரி பிய்த்தபோது கன்னத்தில் ரத்தம் வந்தது, கொள்ளைநோய்ப் படத்துக்குப் பொருத்தமாகவே இருந்தது. கேமராவை நிறுத்தச் சொல்ல எனக்குத் தோன்றவில்லை. லாரியில் ஏற்றும்போது அவன் எங்கள் பக்கம் திரும்பிக் கத்தினான்.

"தெரியும்னு சொல்லுடா. ஒரு வார்த்தை சொல்லுடா."

எங்கள் ஊரில் படப்பிடிப்பின்போது குரலைப் பதிவு செய்வதில்லை. நடிகர் என்ன உளறினாலும் சரி, பிற்பாடு வேறொருவர் அந்த வாயசைவுக்கு ஏற்றபடி பேசிச் சேர்ப்பார். ஆகவே என்னிடம் மிஞ்சியது முகம் மட்டும். அப்படியொரு முகத்தை எந்த நடிகனும் தரமாட்டான். வெட்டி எறிய மனம் வரவில்லை.

அந்த உதடுகளுக்கான வசனத்தை நானே எழுதினேன். எத்தனையோ தாள்களைக் கிழித்துப் போட்ட பிறகு அது வந்தது. "போயிட்டு வரேன்டா. உன்மேல எனக்குக் கோபமே இல்லடா." கனத்த குரலுள்ள ஒருவர் பேசினார். தியேட்டரில் அந்த இடத்தில் மூக்குச் சிந்தும் சத்தம் கேட்கும்.

லேலியோ திரும்பி வரவில்லை. நீங்கள் சுற்றி வளைக்க வேண்டாம், அவனைக் காட்டிக்கொடுத்தது நான்தான். ஆனால் அந்தக் காட்சியை ஒருமுறை போட்டுப் பாருங்கள் ஐயா. உதட்டை விட்டு வசனம் ஓர் இடத்தில்கூட விலகவில்லை. நானும் அங்கேதானே நின்றேன். அவன் அதைத்தான் சொன்னான்.