வேதநாயகியின் மகன்

ரசத்தில் பெருங்காயம் சற்றுத் தூக்கலாக இருந்தால்தான் எனக்குப் பிடிக்கும், இன்ஸ்பெக்டர் மேடம். அம்மா அப்படித்தான் வைப்பாள். சரி, வேதநாயகி என்றே எழுதிக்கொள்ளுங்கள். கண் தெரியாவிட்டாலும் அவள் கைக்கு அளவு தெரியும்.

என் தொழிலைக் கேட்டீர்கள். கலைஞன். ஓவியத்தில் தொடங்கி, பிறகு என் உடம்பையே படமாக்கினேன். கேலரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் ஒரு வாரம் உட்கார்ந்திருந்தேன். ஒரு அபார்ட்மென்டில் மழைக்காலம் முழுக்க வாட்ச்மேனாக வேலை பார்த்தேன். அது நிகழ்த்துகலை என்று குடியிருந்தவர்களுக்குக் கடைசி நாளில்தான் தெரியும். 'கலைக்கும் வாழ்க்கைக்கும் நடுவிலுள்ள கோட்டை அழிப்பவர் ஸ்ரீகண்டன்' என்று எழுதினார்கள். கைதட்டல் முடிந்ததும் மல்லேஸ்வரம் ஃப்ளாட்டுக்குப் போய், நானே கதவைத் திறந்து நானே சாத்திக்கொள்வேன். அப்பா அம்மா போன பிறகு அந்த வீட்டில் யாரும் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. தனிமை பழகிவிடும் என்பார்கள். எனக்குப் பழகவில்லை.

ஸ்ரீராம்புரத்துச் சந்துகளை வரையப் போயிருந்தேன். வாசலில் உட்கார்ந்திருந்த அவள் என் குரலைக் கேட்டு, "டேய், யுவனாடா?" என்றாள். பதினாறு வயதில் சண்டை போட்டு ஓடிப்போன மகன். அதன் பிறகுதான் அந்த வீட்டுக்குக் குடிவந்தாளாம். அக்கம்பக்கத்தில் யாரும் அவனைப் பார்த்ததில்லை. "ஆமாம்மா," என்றேன். யோசிக்கவே இல்லை.

கேலரி நடத்தும் எரிக்கிடம் சொன்னபோது துள்ளிக் குதித்தார். இந்த நிகழ்த்துகலைக்கு 'மகன்' என்று பெயர் வைத்தோம். முதல் வாரம் கேமரா கொண்டுபோனேன். அப்புறம் அது ஞாபகத்துக்கே வரவில்லை. அவள் சோற்றைப் பிசைந்து வைத்துக்கொண்டு காத்திருப்பாள். "எங்கடா போய்த் தொலைஞ்சே இவ்ளோ நேரம்?" என்று திட்டுவாள். அந்தத் திட்டுக்காகவே வேண்டுமென்று தாமதமாகப் போவேன்.

கண்ணாஸ்பத்திரிக்கு அவளை நான்தான் கூட்டிப்போனேன். அதையும் எழுதிக்கொள்ளுங்கள். டாக்டர் இங்கிலீஷில் சொன்னார்: புரை முற்றியிருக்கிறது, இப்போதே எடுத்தால் பார்வை வந்துவிடும், தள்ளிப்போட்டால் நரம்பு கெட்டுவிடும். அவளுக்கு இங்கிலீஷ் தெரியாது.

"என்னாடா சொல்றாரு?"

"ஒண்ணும் பண்ண முடியாதாம்மா. ஆண்டவன் விட்ட வழி."

"போவட்டும் உடு. நீ வந்துட்டல்ல, அது போதும்."

அவளே போதும் என்ற பிறகு நான் என்ன செய்வது?

இரண்டு வருடம் நன்றாகவே போனது. போன மாதம் நிஜமான யுவன் வந்தான். வேறு டாக்டரிடம் அவளைக் காட்டினான். நரம்பு செத்துவிட்டதாம். ஆமாம், அது நான் செய்ததுதான். பார்வை வந்தால் அவள் முதலில் என் முகத்தைப் பார்ப்பாள். அதில் அவள் மகன் இருக்க மாட்டான். எனக்குப் பயமாக இருந்தது.

அவனைத் தடவித் தடவி அழுதாள். பிறகு நான் நின்ற பக்கம் திரும்பி, "நீங்க யாரு சார்?" என்று கேட்டாள். அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாதீர்கள், மேடம். பிள்ளைமேல் கோபம் வந்தால் எந்த அம்மாவும் அப்படித்தான் பேசுவாள்.